பத்தாயிரம் தாண்டினால் தும்மும் மிஷின்

மாப்ள,

துவைக்க எடுத்த என் சட்டைப் பையிலிருந்து மருமகள் ஒரு பொடிமட்டையை வெளியே இழுத்தாள். "என்ன மாமா இது, எழுவது தாண்டி புதுப் பழக்கம்?" என்று முகத்தைச் சுளித்தாள். "பழக்கமில்லம்மா, ஒரு வேலைக்கு வாங்குனது" என்றேன். நம்பவில்லை. இந்நேரம் என் மகன் காதுக்குப் போயிருக்கும்.

அவள் போனதும் காய்ந்த வாழைப்பட்டையைப் பிரித்து முகர்ந்தேன். அந்த மூக்குப்பொடி நெடி மண்டைக்குள் ஏறியதுதான் தாமதம், நீ வந்துவிட்டாய். காதில் டெஸ்டரைச் சொருகிக்கொண்டு, பலகை இடுக்கில் வாயை வைத்து, "மாப்ள, குச்சி நிக்கப்போவுது, தயாரா இரு" என்று கிசுகிசுக்கிற நீ.

எனக்கு எழுத்து தெரியாது என்பது உனக்குத் தெரியும். நான் சொல்கிறேன், உன் மகள் ஸ்டெல்லா எழுதுகிறாள். நடுநடுவே எழுதுவதை நிறுத்திவிட்டுச் சிரிக்கிறாள். மடல் மெதுவாகத்தான் நகரும். உனக்கு இனி என்ன அவசரம்?

அரியலூர் ஸ்டேஷனுக்குப் போகிற வழியில் உன் மைக்செட் கடை. நான் விக்கிரமங்கலத்திலிருந்து வேலை தேடி வந்தவன். அப்பா, அம்மா, அண்ணன் எல்லாரும் அடுத்தவன் காட்டில் கூலி. எனக்குச் சின்ன வயதில் கொடுத்த வேலை கம்பங்கொல்லையில் குருவி விரட்டுவது. தகரம் தட்டித் தட்டிக் கை நோகும். அதனால் வாயாலேயே விரட்டக் கற்றுக்கொண்டேன். வெடி, பருந்து, நாய், தகரம், எல்லாம் வாயில்தான். அந்த வாய்தான் பின்னால் சோறு போடப்போகிறது என்று அப்போது தெரியாது. உன்னிடம் வந்து முதல் நாள் "முதலாளி" என்றேன். "மாப்ளன்னு கூப்புடு. முதலாளின்னா ஹாரனை நீயே தனியாத் தூக்கிக்க" என்றாய். அன்றிலிருந்து மாப்ள.

ஊரில் கல்யாணமும் திருவிழாவும் இல்லாத மாதங்களில் மைக்செட் தூங்கும். அதற்காகத்தான் திருச்சியில் யாரோ கழித்துப்போட்ட வீடியோ கேம் மிஷினை வாங்கி வந்தாய். பீரோ உயரம். மேலிருந்து வரிசை வரிசையாகப் பூச்சி இறங்கும். கீழே ஒரு கப்பல். கப்பலை நகர்த்தி நகர்த்திச் சுட வேண்டும். பையன்கள் அதற்குப் பூச்சி மிஷின் என்று பேர் வைத்தார்கள். காசு போடுகிறவனுக்குப் பின்னால் இருபது பேர் நின்று சுட்டார்கள்.

ஒரு ஐப்பசி மழையில் கூரை ஒழுகி மிஷினுக்குள் தண்ணீர் இறங்கியது. படம் பிழைத்தது, சத்தம் செத்துவிட்டது. திருச்சி மெக்கானிக் வந்து திறந்து பார்த்துவிட்டு, "சத்தத்துக்கு இதுல தனி போர்டுங்க. பம்பாயிலேருந்துதான் வரணும்" என்று சொல்லிவிட்டுப் போனார். மறுநாள் கடைக்கு வந்த பையன்கள் ஒரு ஆட்டம் ஆடிப் பார்த்தார்கள். "ஊமையாயிடுச்சுடா" என்று சொல்லிவிட்டு ஐஸ் வண்டிப் பக்கம் போய்விட்டார்கள். ஒரு வாரம் ஒருத்தனும் வரவில்லை.

"சத்தம் இருந்தாத்தான்டா கூட்டம்." இது நீ அடிக்கடி சொல்வது. அன்றைக்குச் சொன்னபோது உன் குரலே இல்லை.

உன்னைச் சிரிக்க வைக்கத்தான் செய்தேன், வேறு எண்ணமில்லை. நீ மிஷின் முன்னால் உட்கார்ந்து தனியாக ஆடிக்கொண்டிருந்தாய். நான் பலகைத் தடுப்புக்குப் பின்னால் மைக் டெஸ்ட் பண்ணிக்கொண்டிருந்தேன். இடுக்கு வழியே உன் கையையும் முகத்தையும் பார்த்து, நீ சுடும்போதெல்லாம் மைக்கில் "ட்யூ" என்றேன். பூச்சி செத்த மாதிரி உன் முகத்தில் தெரிந்தால் தவளையை மிதித்த மாதிரி ஒரு "ப்ளக்". நீ சிரிக்கவில்லை. மெதுவாக நிமிர்ந்து, பலகையைப் பார்த்து, "இன்னொரு தடவ பண்ணு" என்றாய்.

அன்று சாயங்காலத்துக்குள் எல்லாம் தயார். மிஷினின் ஸ்பீக்கரைக் கழற்றி உன் ஆம்ப்ளிஃபயரில் சேர்த்தாய். மிஷினுக்கு எதிர்ச்சுவரில், கூட்டத்தின் தலைக்கு மேலே, பக்கத்து சலூன்காரர் கழித்த கண்ணாடியைச் சாய்த்து மாட்டினாய். பலகை இடுக்கில் கண்ணை வைத்தால் கண்ணாடியில் திரை முழுசாகத் தெரியும். ஆடுகிறவன் முதுகுக்குப் பின்னால் கண்ணாடி, அவனுக்கு முன்னால் மிஷின், மிஷினுக்குப் பின்னால் பலகை, பலகைக்குப் பின்னால் முக்காலியில் நான். "பத்து நாளைக்குத்தான் மாப்ள. போர்டு வந்துடும்" என்றாய்.

எனக்கு நிஜ மிஷின் சத்தம் ஞாபகம் இருந்தது. ஆனால் அதெல்லாம் வாயில் வராத சத்தம். அதனால் எனக்குத் தெரிந்ததைப் போட்டேன். பூச்சி அடியெடுத்து வைக்க எங்கள் தெருப் பறையின் நடை. மேலே ஒரு தட்டு குறுக்கே பறந்து போகுமே, அதற்கு நம் ஸ்டேஷனில் நிற்காமல் போகிற எக்ஸ்பிரஸ். தூரத்தில் எழும்பி, காதருகே வந்து, இழுத்துக்கொண்டே தேயும். கப்பல் வெடிக்கிறதற்குச் சுண்ணாம்புக்கல் சுரங்கத்தில் வைக்கிற வெடி. முதலில் அடிவயிற்றில் ஒரு அதிர்வு, அப்புறம் வெடி, அப்புறம் பொலபொலவென்று கல் உதிர்வது. அந்தக் கல் உதிர்வதை விடாமல் செய்வேன். நீ அதைக் கேட்டுவிட்டு, "வானத்துல போற கப்பலுக்கு ஏதுடா கல்லு?" என்றாய். "அது பாறைல மோதிருக்கும், போ" என்றேன்.

பையன்கள் திரும்பி வந்தார்கள். அரியலூர் மட்டுமல்ல, கீழப்பழூரிலிருந்து சைக்கிள் மிதித்து வந்தார்கள். மதியம் நான் சாப்பிடுகிற நேரத்தில் நீ சுவிட்சை அணைத்துவிட்டு, "மிஷின் சூடாயிடுச்சு, ஆறட்டும்" என்பாய். எனக்குத் தொண்டை கட்டினால் அன்றைக்கு மிஷினுக்கு "கரண்டு சரியில்ல".

தும்மல் வந்த கதைக்கு வருகிறேன். குமாரை மறந்திருக்க மாட்டாய். மெலிந்த பையன், பள்ளிக்கூடப் பையைக் கழற்றாமலே ஆடுவான். ஒரு மத்தியானம் அவன் கை நன்றாக ஓடிக்கொண்டிருந்தது. பக்கத்து மெஸ்ஸில் மிளகாய் தாளித்தார்கள். நெடி பலகைக்குள் வந்துவிட்டது. மூக்கைப் பிடித்தேன், தொடையைக் கிள்ளினேன், ஒன்றும் பலிக்கவில்லை. மைக்கிலேயே தும்மிவிட்டேன். சின்னத் தும்மலா அது? முக்காலி ஆடியது.

வெளியே ஆட்டம் நின்றது. அப்புறம் குமார் குரல்: "அண்ணே, மிஷின் தும்முச்சுண்ணே!"

நான் செத்தேன் என்று நினைத்தேன். உன் குரல் கொஞ்சம்கூட அசையாமல் கேட்டது. "ஆமா. எவ்ளோ பாயின்ட்டுடா இருக்கு?"

"பத்தாயிரத்து அம்பதுண்ணே."

"பத்தாயிரம் தாண்டுனா தும்மும். செஞ்ச கம்பெனிக்காரனே அப்படித்தான் வச்சிருக்கான். இதுவரைக்கும் யாரும் தாண்டல, அதான் நீங்க கேக்கல."

கூட்டத்தில் ஒரு பொடியன், வீட்டில் பெரியவர்கள் சொல்கிற பழக்கத்தில், மிஷினைப் பார்த்து "நூறு!" என்றான். தும்மினால் ஆயுசு நூறு என்று வாழ்த்துவோமே, அதை. உடனே அத்தனை பேரும் "நூறு! நூறு!" என்று கத்தினார்கள். பலகைக்குப் பின்னால் வாயைப் பொத்திக்கொண்டு அழுகிற மாதிரி சிரித்தேன்.

அன்று சாயங்காலமே பொடிமட்டை வாங்கி வந்தாய். எனக்கு எண்ணும் சரியாகத் தெரியாது, அதுவும் கண்ணாடியில் இடம் வலமாக மாறித் தெரியும். நீ தரையில் கரியால் ஒரு சைபரும் ஒரு ஒன்றும் போட்டுக் காட்டினாய். "இந்த ஓரத்துல எப்பவும் முட்டை இருக்கும். முட்டை போயி குச்சி வந்தா தும்மு. முட்டையும் குச்சியும் கண்ணாடில மாறாது மாப்ள." அதுதான் என் படிப்பு. பாயின்ட் எட்டாயிரம் பக்கம் போகும்போதே நீ வந்து இடுக்கில் கிசுகிசுப்பாய், நான் ஒரு சிட்டிகை ஏற்றிக்கொண்டு காத்திருப்பேன். ஊர்ப் பையன்களுக்கு அந்தத் தும்மல்தான் பரிசு. "நேத்து எனக்குத் தும்முச்சுடா" என்று பள்ளிக்கூடத்தில் பீற்றிக்கொள்வார்களாம்.

வருஷம் ஒன்று கழித்து போர்டு வந்து சேர்ந்தது. மாட்டினாய். நிஜச் சத்தம் கணீரென்று வந்தது. எனக்கு விடுதலை என்று நானும் முன்பக்கம் வந்து நின்றேன். குமார் ஒரு ஆட்டம் ஆடிவிட்டுத் திரும்பி, "மிஷின் கெட்டுப்போச்சுண்ணே. ரிப்பேர் பண்ணுங்க" என்றான். மறுநாள் நீ அந்த போர்டைக் கழற்றிப் பழைய துணியில் சுற்றிப் பரணில் போட்டாய். நான் மறுபடி முக்காலிக்குப் போனேன்.

அப்போதுதான் சத்தியம் வாங்கினாய். "உள்ள ஆள் இருக்கான்னு தெரிஞ்சா ஒருத்தனும் வரமாட்டான். என் பொஞ்சாதிக்கும் சொல்லாத, உன் பொஞ்சாதிக்கும் சொல்லாத." நீ உங்கள் மாதா மேல், நான் எங்கள் அய்யனார் மேல். மிஷின் போய், கடை போய், நீயும் போய் மூன்று வருஷமாகிவிட்டது. நான் வாய் திறக்கவில்லை.

இந்த வருஷம் உன் நினைவு பூசைக்கு ஸ்டெல்லா ஒன்று நினைத்தாள். ஏலாக்குறிச்சியில் உங்கள் வீட்டில் சாப்பாடு. சாப்பிட வருகிறவர்கள் ஆட உன் பழைய மிஷின் மாதிரியே ஒன்று. பெரம்பலூரில் அவள் கம்ப்யூட்டர் கடை வைத்திருப்பது உனக்குத் தெரியும். தச்சரை வைத்து அதே பீரோ உயரத்தில் பெட்டி செய்து, உள்ளே கம்ப்யூட்டரை வைத்து, அதே பூச்சி ஆட்டத்தை இறக்கிவிட்டாள். பூச்சி இறங்கியது, கப்பல் சுட்டது. சத்தம் மட்டும் இல்லை.

நான் பஸ் ஏறிப் போய்ப் பார்த்தபோது விளக்கினாள். "அந்தக் கால மிஷின்ல சத்தத்துக்குத் தனியா ஒரு போர்டு இருந்துச்சு மாமா. படத்தை கம்ப்யூட்டர் அப்படியே செஞ்சிடுது, இந்தச் சத்தத்தைச் செய்ய அதுக்கு வரல. அதனால யாரோ நிஜ மிஷின்கிட்ட போயி ஒவ்வொரு சத்தமா பதிவு பண்ணி ஃபைலா வச்சிருக்காங்க. நாம அந்த ஃபைலை அதே பேர்ல கொண்டுவந்து வச்சா, பூச்சி சாவும்போது அது ஃபைலை எடுத்து விடும்."

"அப்ப படம் ஒரு பக்கம், சத்தம் குடுக்குறது வேற ஆளு."

"ஆமா மாமா, கரெக்டா புடிச்சிட்டீங்க."

நான் டீயைக் குடித்தேன்.

அவள் அந்த ஃபைல்களைத் தேடிப் பிடித்துப் போட்டாள். சத்தம் வந்தது. அன்றைக்கென்று ரிப்பேருக்குப் பிரிண்டரைத் தூக்கிக்கொண்டு குமார் வந்தான். இப்போது அவனுக்கு அரியலூரில் பெயின்ட் கடை, தலை முழுக்க வழுக்கை. பெட்டியைப் பார்த்ததும் பிரிண்டரைக் கீழே வைத்துவிட்டு ஆடினான். பாதியில் கையை எடுத்தான். "இது அண்ணன் மிஷின் இல்ல ஸ்டெல்லா. சத்தம் தப்பு. கப்பல் வெடிச்சா கல்லு உதிரணும். தும்மலாவது இருக்கா?"

இருக்காது என்று எனக்குத் தெரியும். ஸ்டெல்லாவுக்குத் தெரியாதே! நீ அவளிடமும் அதைத்தானே சொல்லி வளர்த்திருக்கிறாய்! இரண்டு மாதம் அவள் அந்தத் தும்மல் ஃபைலைத் தேடியிருக்கிறாள், மாப்ள. பழைய மிஷின் பைத்தியங்கள் கூடுகிற இடம் இன்டர்நெட்டில் இருக்கிறதாம், அங்கே இங்கிலீஷில் எழுதிக் கேட்டிருக்கிறாள். பத்தாயிரத்தில் ஒரு மணிச் சத்தம்தான் வரும், தும்மல் என்று ஒன்று எந்த நாட்டு மிஷினிலும் கிடையாது என்று பதில் வந்திருக்கிறது. ஒருத்தன் மட்டும், "உன் அப்பா உனக்குக் கதை விட்டிருக்கிறார்" என்று எழுதி, பக்கத்தில் சிரிக்கிற பொம்மை போட்டிருக்கிறான்.

அதை எனக்குப் படித்துக் காட்டும்போது அவள் கண் கலங்கிவிட்டது. "அப்பா எங்கிட்ட பொய் சொன்னதே இல்ல மாமா. காய்ச்சல்னாகூட ஊசி வலிக்கும்னுதான் சொல்லுவாரு. இதை மட்டும் ஏன் சொன்னாரு? நான் இந்தப் பெட்டியைக் கொண்டுபோகல. அத்தன பேரும் தும்மலைக் கேப்பாங்க, நான் என்ன சொல்றது?"

அய்யனார் மேல் சத்தியம் ஒரு பக்கம். சத்தியத்தைக் காத்தால் நீ மகளிடம் பொய்யன். உடைத்தால் ஊர்ப் பையன்களை ஏமாற்றியவன். பஸ்ஸுக்கு எழுந்து வாசல் வரை போனேன். திரும்பி வந்து உட்கார்ந்தேன்.

"அப்பா சொன்னது நெசம்மா. பத்தாயிரம் தாண்டுனா தும்முச்சு."

"எந்த ஃபைல்லயும் இல்லையே மாமா."

"எப்படி இருக்கும்? தும்முனது நான்."

எல்லாவற்றையும் சொன்னேன். மழை, பலகை, கண்ணாடி, முட்டை, குச்சி. அவள் அசையாமல் கேட்டாள். முடிந்ததும் என் முகத்தையே பார்த்தாள். திட்டப்போகிறாள் என்று நினைத்தேன். "மாமா, அந்த ரயிலு போற சத்தம்... ஒருக்கா பண்ணுங்க" என்றாள். பண்ணினேன். பல் நாலு போய்விட்டதால் கொஞ்சம் காற்று அடித்தது, ஆனால் ரயில் வந்து, போய்விட்டது. அவள் மேஜையில் தலையைக் கவிழ்த்துவிட்டாள். அழுகிறாள் என்று பதறிப்போய்த் தோளைத் தொட்டேன். சிரித்துக்கொண்டிருந்தாள், முகமெல்லாம் கண்ணீரோடு. "அப்பா... எங்கம்மாகிட்டகூட சொல்லலியா?" என்று அதையே திரும்பத் திரும்பக் கேட்டாள்.

அதற்கப்புறம் அவளைப் பிடிக்க முடியவில்லை. கடைக் கதவைச் சாத்தி, ஃபேனை நிறுத்தி, என் முன்னால் மைக்கை வைத்தாள். ஃபைல் ஃபைலாகப் பேரைச் சொல்லுவாள், நான் வாயால் கொடுப்பேன். சுடுகிறது, பூச்சி சாவது, பறை நடை நாலு அடி, ரயில், சுரங்க வெடி. "கல்லு உதிரணும் மாமா, குமாரண்ணன் கேப்பாரு." உதிர்த்தேன். பேர் ஒரு எழுத்து மாறினாலும் கம்ப்யூட்டர் எடுத்துக்கொள்ளாதாம். பம்பாய் போர்டை எப்படிக் கழற்றிப் பரணில் போட்டாயோ, அப்படியே அந்த நிஜ ஃபைல்களைத் தூக்கி ஓரமாகப் போட்டுவிட்டு, அதே பேரில் என்னை வைத்தாள்.

தும்மல்தான் வரவில்லை. பெரம்பலூர் முழுக்க அலைந்து பொடிமட்டை வாங்கி வந்தாள். ஒரு சிட்டிகை, ரெண்டு சிட்டிகை, மூக்கு எரிந்ததே தவிர வரவில்லை. நாற்பது வருஷத்துக்கு முன் உன் கிசுகிசுப்புக்கே வந்துவிடும். அரை மணி நேரம் இருவரும் எதிரெதிரே மூக்கைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தோம். சரி, ஒரு டீ குடிப்போம் என்று அவள் பதிவை நிறுத்தி எழுந்தாள். அப்போது வந்தது பார்! "ஐயோ, நிறுத்திட்டேனே" என்று பாய்ந்து வந்து பட்டனை அமுக்கினாள். நல்ல வேளை, பின்னாலேயே இன்னொன்று வந்தது. முதலாவதைவிடப் பெரியது. மணிச் சத்தத்தின் இடத்தில் அது போய் உட்கார்ந்தது.

பூசையன்று பிரியாணி. உன் பையன்கள் எல்லாரும் வந்திருந்தார்கள். பையன்கள் என்கிறேன், ஒருத்தனுக்குப் பேத்தி பிறந்திருக்கிறது. குமார் கை கழுவின ஈரத்தோடு பெட்டி முன்னால் நின்றான். முதல் பூச்சி செத்ததும் அவன் முதுகு நிமிர்ந்தது. "இதுதான்டா" என்றான். ஒன்பதாயிரம் வந்ததும் எல்லாரும் நெருங்கிவிட்டார்கள். நான் பின்னால் நாற்காலியில் இருந்தேன், இந்த முறை பலகைக்கு இந்தப் பக்கம். முட்டை போனது. குச்சி நின்றது.

மிஷின் தும்மியது.

"நூறு!" ஐம்பது வயசு தாண்டிய ஆட்கள் மாப்ள, ஒரே குரலாக. ஒருத்தனும் யோசிக்கவில்லை, வாயிலிருந்து அதுவாக வந்தது. ஸ்டெல்லா என்னைப் பார்த்தாள். நான் உன் படத்தைப் பார்த்தேன். மாலைக்குள் நீ அதே அசையாத முகத்தோடு இருந்தாய்.

சத்தியம் உடைந்த பின் மீதியை ஏன் மூடி வைக்க வேண்டும் என்று, அன்றைக்கே குமாரை ஓரமாகக் கூப்பிட்டு உண்மையைச் சொல்லிவிட்டேன். என்னை மேலும் கீழும் பார்த்தான். "போங்க பெரிசு. மனுசன் அப்டித் தும்முனா மூக்கு இருக்குமா? எங்கண்ணன் மிஷினை நீங்க சொந்தம் கொண்டாடாதீங்க" என்று பாயசம் குடிக்கப் போய்விட்டான். எனக்கு எவ்வளவு நிம்மதி தெரியுமா? நான் சொல்லிவிட்டேன், அவன் நம்பவில்லை. அய்யனாருக்கும் மாதாவுக்கும் என்ன கணக்கோ, அவர்களே பேசிக்கொள்ளட்டும்.

ஒன்று மட்டும் மனதில் நிற்கிறது. எத்தனை வருஷம், எத்தனை பையன்கள், எத்தனை நூறு! அத்தனையும் பலகையைத் தாண்டி எனக்கு வந்தது. நீ முன்னால் நின்றாய், உன்மேல் ஒன்றுகூட விழவில்லை. பொடி வாங்கியது நீ, ஆயுசு வாங்கியது நான். அதனால்தான் நீ போய் மூன்று வருஷமாகியும் நான் பஸ் ஏறிப் பெரம்பலூர் போய் வந்துகொண்டிருக்கிறேனோ என்னவோ.

இதைச் சொல்லிக்கொண்டே இப்போது ஒரு சிட்டிகை ஏற்றினேன். சிரிக்காமல் எழுதும்மா என்கிறேன், கேட்கமாட்டேன் என்கிறாள். இதோ, தும்மிவிட்டேன். "நூறு மாமா" என்றாள். இன்னொன்றும் வந்தது. "இருநூறு."

முதலாவது எனக்குப் போதும். இரண்டாவதை அப்பா பேரில் எழுது என்றேன். எழுதிவிட்டாள்.